தூங்கவிடாத தொப்பி

1928இல் பாரிஸ் அறிவியல் அகாதெமியில் ஓர் இளைஞர் படம் போட்டுக் காட்டினார். முதுகில் முள் உள்ள ஒரு சின்ன மீனின் முட்டை, கருவுறுவதிலிருந்து குஞ்சு வெளிவருவது வரை திரையில் ஓடியது. பேச்சு இல்லை, கதை இல்லை. ஒரு முட்டை, அவ்வளவுதான். வந்திருந்த அறிஞர்களில் ஒருவருக்கு அதுவே பொறுக்கவில்லை. சினிமாவெல்லாம் மதிக்கத்தக்க விஷயமே அல்ல என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார். படம் காட்டியவர் பெயர் ழான் பான்லவே. அவருடைய அப்பா பெயர்பெற்ற கணித அறிஞர், பிரான்ஸின் பிரதமராகவும் இருந்தவர். அந்த வீட்டுப் பிள்ளைக்கே இந்த மரியாதை என்றால், வேறு யாராவது கேமராவும் கையுமாகப் போயிருந்தால் வாசலோடு திருப்பி அனுப்பியிருப்பார்கள்.

கோபித்துக்கொண்டு போனவர் பக்கமும் கொஞ்சம் நியாயம் இருந்தது. அன்றைக்கு சினிமா என்றால் துரத்தல், முத்தம், கோமாளித்தனம். ஆய்வாளர் என்பவர் நுண்ணோக்கியில் பார்ப்பார், பார்த்ததைக் கையால் வரைவார், கட்டுரை எழுதுவார். வரைந்த படத்தை நம்பினார்கள். எடுத்த படத்தை நம்பவில்லை. இன்று கதை அப்படியே மாறிவிட்டது. ஆழ்கடலில் ஓர் உயிரைப் பார்த்தேன் என்று ஒருவர் சொன்னால், “வீடியோ இருக்கிறதா?” என்பதுதான் முதல் கேள்வி. கருவிகள் வளர்ந்துவிட்டன என்று இதற்குச் சுருக்கமாகக் காரணம் சொல்லிவிடலாம். எனக்கென்னவோ கருவியோடு சேர்ந்து இன்னொன்றும் இடம் மாறியிருப்பதாகப் படுகிறது. அது காத்திருக்கிற வேலை. அன்று படம் எடுப்பதற்கு முன்னால் காத்திருந்தார்கள். இன்று எடுத்து முடித்த பிறகு காத்திருக்கிறார்கள்.

பான்லவே படித்தது உயிரியல். பிரான்ஸின் வடமேற்குக் கடற்கரையிலுள்ள ரோஸ்காஃப் ஆய்வு நிலையத்தில் வேலை பழகியவர். வாழ்நாள் துணையாகவும் படவேலையில் கூட்டாளியாகவும் ஆன ஜெனவியேவ் ஆமோனைச் சந்தித்ததும் அங்கேதான். 1930களில் ஆர்க்கஷோன் வளைகுடாவில் கடல் குதிரையைப் படமெடுக்க இறங்கினார். கண்ணாடிச் சன்னல் வைத்த, தண்ணீர் புகாத பெட்டிக்குள் கேமரா. அதில் ஒரு தடவைக்குச் சில விநாடிகளுக்கான பிலிம்தான் கொள்ளும். தீர்ந்ததும் மேலே வர வேண்டும். பெட்டியைத் துடைத்துத் திறந்து, பிலிம் மாற்றி, மறுபடி மூடி இறங்க வேண்டும். அதுவரை கடல் குதிரை அதே இடத்தில் இருக்க வேண்டுமென்று அதற்கு யார் சொல்வது?

அதனால் படத்தின் பெரும்பகுதியைத் தொட்டியில்தான் எடுத்தார். முக்கியமான காட்சி பிரசவம். கடல் குதிரை இனத்தில் பெண் முட்டையை ஆணின் வயிற்றுப் பையில் இட்டுவிடும். அடைகாத்துச் சுமந்து குஞ்சுகளை வெளியே தள்ளுவது ஆண். அது எந்த நேரத்தில் நடக்கும் என்று சொல்ல முடியாது. விளக்கைப் போட்டபடி, கேமராவின் பின்னால் விழித்தே உட்கார்ந்திருக்க வேண்டும். பான்லவே அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார். தொப்பியின் விளிம்பில் ஒரு மின்கருவியைப் பொருத்திக்கொண்டார். கண் சொக்கித் தலை சாய்ந்தால் லேசாக ஷாக் அடிக்கும். அப்படிக் கண்விழித்து எடுத்த காட்சிதான், ஆண் கடல் குதிரை உடம்பை முறுக்கி முறுக்கிக் குட்டிகளைத் துப்புகிற காட்சி. தரியஸ் மில்லோ இசையமைத்த அந்தப் படம் பதினைந்து நிமிடம்கூட ஓடாது. பாரிஸ் கொண்டாடியது. கடல் குதிரை வடிவத்தில் நகைகள் செய்து விற்கும் அளவுக்குப் போனது.

ஒரே விஷயத்தை அவர் மூன்று விதமாகத் தொகுப்பார் என்பது எனக்கு மிகவும் பிடித்த செய்தி. ஆய்வாளர்களுக்கு ஒன்று, பல்கலைக்கழக மாணவர்களுக்கு ஒன்று, கொட்டகைக்கு வருகிற பொதுமக்களுக்கு ஒன்று. மூன்றாவதில் இசையும் கிண்டலும் கூடும், தகவல் பொய்யாகாது. 200க்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தவர், 1989இல் காலமானார்.

பான்லவேயின் தலைமுறைக்குப் பின் வந்தவர்களுக்குத் தூக்கத்தைவிடப் பணம்தான் பெரிய தொல்லை. ஆஸ்திரியாவின் ஹான்ஸ் ஹாஸ் விலங்கியலில் முனைவர் பட்டம் வாங்கியவர். முழுகிச் சேகரித்த, பாசி போலத் தோன்றும் சின்னஞ்சிறு விலங்குக் கூட்டங்களைப் பற்றித்தான் ஆய்வேடு எழுதினார். ஆனால் கப்பலுக்கும் ஆட்களுக்கும் காசு கொடுத்தது ஆய்வேடு அல்ல, படம். செங்கடலில் எடுக்கப் போகிற படத்துக்கு அழகான ஒரு பெண் வேண்டும் என்று தயாரிப்பாளர்கள் பிடிவாதம் பிடித்தார்கள். கப்பலில் பெண் வேண்டாம் என்றிருந்த ஹாஸ் கடைசியில் இறங்கி வந்தார். அவருடைய அலுவலக உதவியாளராக இருந்த லோட்டே முழுகப் பழகிக்கொண்டு படத்தில் வந்தார். 1951இல் அந்தப் படத்துக்கு வெனிஸில் பரிசு கிடைத்தது. லோட்டே வெறும் அலங்காரப் பொம்மையாக இல்லை. பிறகு வந்த படங்களில் முழுகுவதும் படம்பிடிப்பதும் அவர் வேலையாயிற்று. இருவரும் மணந்துகொண்டார்கள். இப்படிச் சம்பாதித்த பணத்தில் ஓடிய ‘ஸாரிஃபா’ என்ற பாய்மரக் கப்பல் 1957-58இல் நம் பக்கத்து மாலத்தீவுக்கும் வந்தது. மணலில் பாதி உடம்பைப் புதைத்துக்கொண்டு பயிர் மாதிரி அசைந்து நிற்கும் விலாங்கு இனம் ஒன்று அந்தப் பயணத்தில்தான் அறியப்பட்டு, ஹாஸின் பெயரைத் தாங்கியது. பொழுதுபோக்குப் படத்தின் டிக்கெட் காசில் கிடைத்த விலங்கியல் அது.

அதே காலத்தில் ஜாக் கூஸ்தோவின் ‘மௌன உலகம்’ 1956இல் கான் விழாவின் தங்கப் பனையையும் பிறகு ஆஸ்கரையும் வாங்கியது. கூஸ்தோ விஞ்ஞானி இல்லை, கடற்படை அதிகாரி. ஆனாலும் படத்தில் விஞ்ஞானத்தின் பேரைச் சொல்லி ஒரு காரியம் நடக்கிறது. பவளப்பாறையில் எத்தனை வகை மீன் இருக்கிறது என்று கணக்கெடுக்க டைனமைட் வைக்கிறார்கள். செத்து மிதப்பவற்றைப் பொறுக்கி வரிசையாக அடுக்குகிறார்கள். இன்னோரிடத்தில், கப்பலின் விசிறியில் அடிபட்ட திமிங்கிலக் குட்டியைத் தின்ன வந்த சுறாக்களைக் குழுவினர் வெறியோடு வெட்டிச் சாய்க்கிறார்கள். கேமரா இமைக்காமல் பார்க்கிறது. அன்றைய ரசிகர்கள் கைதட்டினார்கள். பிற்காலத்தில் கடலைக் காக்க உலகமெல்லாம் குரல் கொடுத்த அதே மனிதரின் படம்தான் இது. இன்று வகுப்பில் போட்டால் பிள்ளைகள் முகத்தைத் திருப்பிக்கொள்வார்கள்.

வெடிவைத்து எண்ணிய அந்தக் காலத்துக்கும் இன்றைக்கும் இடையிலுள்ள தூரத்தை அளக்க எடித் விட்டர் என்ற அமெரிக்க உயிரியலாளரின் வேலையைப் பார்த்தால் போதும். மாணவப் பருவத்தில் முதுகுத்தண்டு அறுவை சிகிச்சைக்குப் பிறகு கொஞ்ச காலம் பார்வை இல்லாமல் இருந்தவர். பிறகு அவர் எடுத்துக்கொண்ட துறை வெளிச்சம். கடல் உயிர்கள் தாமே உண்டாக்கும் வெளிச்சம். 1984இல் கலிபோர்னியாவின் சாண்டா பார்பரா கால்வாயில், ஆளையே உள்ளே வைத்து மூடும் உலோக உடையில் ஏறக்குறைய 240 மீட்டர் ஆழத்துக்கு இறங்கி விளக்கை அணைத்தார். சுற்றிலும் நீலப் பொறிகள், சங்கிலிகள், புகைச்சுருள்கள். மேலே வந்து சொன்னால் நம்புவார்கள்; காட்ட முடியவில்லை. அத்தனை மங்கலான ஒளியைப் பிடிக்கிற கேமரா அன்றைக்குக் கைக்கெட்டும் பொருளாக இல்லை.

அவர் கேட்ட அடுத்த கேள்வி எளிமையானது. ஆழ்கடலில் அதுவரை எடுத்த படங்கள் பெரும்பாலும் வெள்ளை விளக்கும் இரைச்சலான உந்துவிசிறிகளும் கொண்ட வாகனங்களில் எடுத்தவை. நடுராத்திரியில் ஒரு வீட்டுக்குள் டார்ச் அடித்துக்கொண்டும் டமாரம் தட்டிக்கொண்டும் நுழைந்துவிட்டு, இங்கே யாருமே இல்லை என்று எழுதிவைத்தால் எப்படி? ஓடிப்போனவை எத்தனை என்று யாருக்குத் தெரியும்?

பெரும்பாலான ஆழ்கடல் உயிர்களுக்குச் சிவப்பு தெரியாது. அதனால் சிவப்பு விளக்கு. தண்ணீரில் சிவப்பு வெகுதூரம் போகாது. அதனால் மிகக் குறைந்த ஒளியிலும் பார்க்கிற கேமரா. விசிறி கிடையாது, இரைச்சல் கிடையாது. கூடவே ஒரு தூண்டில்: ‘அடோலா’ என்ற ஜெல்லிமீன் யாராவது தன்னைக் கடிக்கும்போது வட்டமாக நீல ஒளியைச் சுழலவிடும். அது ஒரு கூக்குரல். என்னைத் தின்கிறவனைத் தின்ன யாராவது வாருங்கள் என்று பெரிய மிருகத்தை அழைக்கிறது. நீல எல்.இ.டி. விளக்குகளை வட்டமாக அடுக்கி, விட்டர் அதே கூக்குரலைச் செயற்கையாக உண்டாக்கினார். 2004இல் மெக்சிகோ வளைகுடாவின் அடியில் கேமராவை வைத்துப் போலி ஜெல்லிமீனை முதன்முதலாக ஒளிரவிட்டபோது, 86 விநாடிக்குள் ஆறடிக்கும் நீளமான ஒரு கணவாய் வந்து மோதியது. அறிந்த எந்தக் குடும்பத்திலும் அதைச் சேர்க்க முடியவில்லை.

இதன் தொடர்ச்சிதான் 2012. ஜப்பானின் ஒகசவாரா தீவுகளுக்கு அப்பால், ராட்சதக் கணவாயை அதன் இருப்பிடத்திலேயே படம்பிடிக்க ஜப்பானியத் தொலைக்காட்சியான என்.எச்.கே.யும் டிஸ்கவரியும் கப்பல் அமர்த்தின. அதே கடலில் 2004இல் தூண்டிலோடு கேமராவை இறக்கி, உயிருள்ள ராட்சதக் கணவாயை அதன் ஆழத்திலேயே முதன்முதலாக அசையாப் படமாகப் பிடித்த சுனேமி குபோதெராவும் அதில் இருந்தார். நூலில் தொங்கிய விட்டரின் ‘மெடூசா’ கேமரா முதலில் அதை வீடியோவில் பிடித்தது. பிறகு குபோதெரா கண்ணாடிக் கோளம் வைத்த நீர்மூழ்கியில் இறங்கி, இரைக் கணவாயைக் கட்டிக்கொண்டு ராட்சதன் சாப்பிடுவதை நேருக்கு நேர் பார்த்தார். 2013 ஜனவரியில் ஒளிபரப்பானது. ஒரே கடல், ஒரே கணவாய், இரண்டு விதப் பார்வை. குபோதெராவுடையது பான்லவே வழி: ஆளே போய், ஆளே உட்கார்ந்து, ஆளே பார்ப்பது. விட்டருடையது புது வழி: கேமராவைக் காத்திருக்க விட்டுவிட்டு மேலே வந்துவிடுவது.

புது வழியில் மனிதர் செய்வது என்ன? 2019 ஜூனில் மெக்சிகோ வளைகுடாவில் நடந்ததைச் சொல்கிறேன். மெடூசாவை இறக்குவார்கள், ஒரு நாளுக்கு மேல் விடுவார்கள், எடுப்பார்கள். பதிவைக் கணினியில் போட்டு ஒருவர் உட்கார்ந்து பார்ப்பார். பெரும்பாலும் கறுப்புத் திரை, இறங்கிக்கொண்டே இருக்கும் வெண்துகள்கள், எப்போதாவது ஓர் இறால். அந்தப் பயணத்தில் பதிவானது 120 மணி நேரத்துக்கும் மேல். நேதன் ராபின்சன் என்ற உயிரியலாளர் அப்படிப் பார்த்துக்கொண்டிருந்தபோது, 759 மீட்டர் ஆழத்தின் இருட்டிலிருந்து ஒரு நீண்ட கை நீண்டு வந்து போலி ஜெல்லிமீனைத் தடவிப் பார்த்துவிட்டு விரிந்தது. அமெரிக்கக் கடலில் எடுக்கப்பட்ட முதல் ராட்சதக் கணவாய்ப் படம் அது. கப்பலில் எல்லோரும் ஒரு திரையைச் சுற்றிக் கூடினார்கள். கொஞ்ச நேரத்தில் கப்பல்மீதே இடி விழுந்தது. மேல்தளத்தில் எரிந்து சிதறியது என்ன என்பதைவிட, பதிவு இருந்த கணினிக்கு ஒன்றும் ஆகவில்லையே என்று பார்க்கத்தான் உள்ளே ஓடினார்களாம். ஒன்றும் ஆகவில்லை.

பான்லவேயின் தொப்பி இந்த அறையில்தான் இன்று தேவைப்படும். தூக்கம் வருவது தொட்டியின் முன்னால் அல்ல, 119ஆவது மணி நேரத்தில், கறுப்புத் திரையின் முன்னால்.

எடுத்த பிறகு உட்கார்ந்து பார்க்கிற இந்த வேலைக்கு ஒரு முன்னோடியும் உண்டு. 1977இல் கலபகோஸ் தீவுகளுக்கு அருகே, 2,500 மீட்டர் ஆழத்தில், கேமராக்கள் பொருத்திய ஓர் இரும்புச் சட்டத்தைக் கப்பலிலிருந்து இழுத்துக்கொண்டு போனார்கள். தேடியது கடலடி வெந்நீர் ஊற்று, போனவர்கள் புவியியலாளர்கள், உயிரியலாளர் ஒருவர்கூட இல்லை. ஓரிடத்தில் வெப்பம் சட்டென்று எகிறி இறங்கியது. ஆனால் அங்கே என்ன இருந்தது என்று தெரிய, சட்டம் மேலே வந்து, கப்பலிலேயே பிலிமைக் கழுவிப் பார்க்க வேண்டியிருந்தது. ஏறக்குறைய 3,000 படங்களில் வெறும் பாறை. பதின்மூன்று படங்களில் மட்டும், உயிரே இருக்கக்கூடாத இடத்தில் சிப்பிகளும் மட்டிகளும் குவிந்து கிடந்தன. ஆல்வின் நீர்மூழ்கியில் இறங்கிக் கொண்டுவந்த உயிர்களைப் பதப்படுத்தப் போதிய மருந்து இல்லாமல், பனாமாவில் வாங்கிய ரஷ்ய வோட்காவில் ஊறப்போட்டார்கள். 1979இல் உயிரியலாளர்களோடும் படக்குழுவோடும் திரும்பிப் போனார்கள். சூரியனை நம்பாமல் வாழும் உயிர்க்கூட்டத்தைப் பொதுமக்கள் வீட்டில் உட்கார்ந்து பார்த்தது அந்தப் படத்தில்தான்.

இன்று எண்ணிக்கை கைமீறிவிட்டது. கலிபோர்னியாவின் மான்டரே வளைகுடா மீன்காட்சியக ஆய்வு நிறுவனத்திடம் மட்டும் 25,000 மணி நேரத்துக்கும் மேற்பட்ட ஆழ்கடல் வீடியோ இருக்கிறது. அங்கே வீடியோவைப் பார்த்துக் குறிப்பெழுதுவதே தொழிலாகக் கொண்டவர்கள் உண்டு: இந்த விநாடியில் இந்த உயிர், இந்த ஆழம், இந்த வெப்பம். இப்போது அந்தக் குறிப்புகளைக் கொண்டே கணினிக்குப் பாடம் சொல்லி, பார்க்கிற வேலையில் பாதியை அதனிடம் தள்ளப் பார்க்கிறார்கள். நல்ல காரியம்தான். ஆனால் கணினி தெரிந்ததைத்தான் சீக்கிரம் கண்டுபிடிக்கும். 2004இல் வந்த கணவாயைப்போல எந்தக் குடும்பத்திலும் சேராத ஒன்று வந்தால், அதைப் பார்த்துத் திடுக்கிட ஓர் ஆள் வேண்டும்.

அந்தத் திடுக்கிடலைப் பலரோடு பகிர்ந்துகொள்வது புதிது என்று நாம் நினைக்கிறோம், அதுவும் பழையதுதான். 1932 செப்டம்பரில் பெர்முடாவுக்கு அருகே, வில்லியம் பீப் என்ற இயற்கையியலாளரும் ஓட்டிஸ் பார்ட்டன் என்ற பொறியாளரும், இரண்டு பேர் முட்டிபோட்டு அடங்கும் ஓர் இரும்பு உருண்டைக்குள் கம்பியில் தொங்கி இறங்கினார்கள். பீப் தொலைபேசியில் சொல்லச் சொல்ல, அது வானொலியில் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் நேரலையாகப் போனது. 1934இல் அதே உருண்டை 923 மீட்டர் வரை போயிற்று. பார்ட்டன் படமெடுக்கப் பாடுபட்டும் இருட்டும் தடித்த சன்னலும் இடம் கொடுக்கவில்லை. பீப் கீழிருந்து சொன்னதைக் கப்பலில் குளோரியா ஹாலிஸ்டர் எழுதிக்கொள்வார். அந்த வார்த்தைகளைக் கேட்டு எல்ஸே போஸ்டல்மான் என்ற ஓவியர் மீனை வரைவார். ஆறடி நீளமும் உடம்பில் வெளிர்நீல விளக்கு வரிசையும் கொண்ட ஒரு மீனைப் பார்த்ததாகச் சொல்லி, அதற்கு லத்தீன் பெயரும் வைத்துவிட்டார் பீப். அதை இன்றுவரை வேறு யாரும் பார்க்கவில்லை. மூச்சுக்காற்றில் மங்கிய சன்னலில் ஏதோ தெரிந்திருக்கும் என்று எழுதியவர்கள் உண்டு. படம் இருந்திருந்தால் கேலி செய்திருக்க மாட்டார்கள்.

2025 ஜூலை, ஆகஸ்டில் அர்ஜென்டினாக் கடலில் நடந்ததைப் பீப் பார்த்திருக்க வேண்டும். ஷ்மிட் பெருங்கடல் நிறுவனத்தின் கப்பலிலிருந்து, மார் தெல் பிளாட்டா பள்ளத்தாக்குக்குள் ‘சுபாஸ்டியன்’ என்ற இயந்திர வாகனத்தை இறக்கினார்கள். படம் கம்பிவடத்தின் வழியாகக் கப்பலுக்கும், கப்பலிலிருந்து செயற்கைக்கோள் வழியாக வீடுகளுக்கும் அப்போதைக்கப்போதே வந்தது. அந்நாட்டு விஞ்ஞானிகளே ஸ்பானிய மொழியில் பேசிக்கொண்டே வந்தார்கள். வழக்கமாகக் கடல் படத்தில் கேட்கும் கனத்த வர்ணனைக் குரல் இல்லை. “அடடா, அது என்ன, கிட்டே போ, கிட்டே போ” என்கிற ரகம். பின்பக்கம் பெருத்ததுபோல் பாறையில் ஒட்டியிருந்த ஒரு நட்சத்திர மீனுக்கும், சின்ன சக்கரவள்ளிக்கிழங்கு என்று பட்டப்பெயர் வாங்கிய ஒரு கடல் அட்டைக்கும் நாடே ரசிகர் மன்றம் வைத்தது. ஆய்வு நிதி வெட்டப்படுவதை எதிர்த்து விஞ்ஞானிகள் குரல் கொடுத்துக்கொண்டிருந்த நேரம் அது. எந்தப் பிரச்சாரமும் செய்ய முடியாததை அந்தக் கடல் அட்டை செய்தது. சில மாதங்களுக்கு முன், மார்ச்சில், இதே கப்பலும் இதே வாகனமும்தான் தெற்கு சாண்ட்விச் தீவுகளருகே 600 மீட்டரில், 1925இல் பெயரிடப்பட்ட, ராட்சதக் கணவாயிலிருந்து வேறான மாபெரும் கணவாய் இனத்தின் 30 சென்டிமீட்டர் குஞ்சு ஒன்றை, அதன் இடத்திலேயே முதன்முறையாகப் படம்பிடித்தன. முழுதாக நூறு வருடம் பிடித்திருக்கிறது.

நேரலையை நான் குறைசொல்ல மாட்டேன். ஆனால் அது படம் ஆகாது. மணிக்கணக்கில் ஓடும் காட்சியில் எதை வைப்பது, எதை வெட்டுவது, எங்கே இசை, எங்கே மௌனம் என்று முடிவெடுக்க ஒருவர் உட்கார வேண்டும். பான்லவே தன் கடல் குதிரையைப் பதினைந்து நிமிடத்துக்குள் அடக்கியதால்தான் தொண்ணூறு வருடம் கழித்தும் பார்க்க முடிகிறது. இன்றைய ஆய்வாளர்களுக்கு எடுக்க ஆளிருக்கிறது, சேமிக்க இடமிருக்கிறது. வெட்டித் தொகுக்க நேரத்தையும் கூலியையும் எந்த நிதிநல்கையும் முதல் வரியில் எழுதுவதில்லை.

சென்னைப் பள்ளிக்கரணையிலுள்ள தேசியக் கடல்சார் தொழில்நுட்ப நிறுவனத்துக்கும் இது வந்து நிற்கப்போகிற கேள்வி. 2024 டிசம்பரில் அவர்களும் கோவாவின் துருவ, பெருங்கடல் ஆய்வு மையமும் சேர்ந்து, இந்தியப் பெருங்கடலில் 4,500 மீட்டர் ஆழத்து வெந்நீர் ஊற்று ஒன்றைத் தானியங்கி வாகனத்தால் படமெடுத்தார்கள். அடுத்தது ஆளே இறங்கும் ‘மத்ஸ்யா 6000’. உள்விட்டம் 2.1 மீட்டர் கொண்ட டைட்டானியக் கோளம், மூன்று பேருக்கு இடம், 6,000 மீட்டர் ஆழம். கேமராக்கள் நிச்சயம் இருக்கும். ஆனால் கம்பிவடம் இல்லாமல் தன்னிச்சையாகப் போகிற வாகனம் அது. அவ்வளவு ஆழத்திலிருந்து அர்ஜென்டினாவைப்போல் தெளிவான நேரலைப் படம் மேலே வராது. ஒலியலை வழியாகப் பேச்சு வரும். படம் வாகனத்தோடு திரும்பி வரும்வரை, உள்ளே இருக்கும் மூவரில் யாரோ ஒருவர் பீப் செய்ததைப்போலச் சன்னலில் பார்ப்பதை வாயால்தான் சொல்ல வேண்டியிருக்கும். மேலே கப்பலில் அதைக் கேட்டு எழுதிக்கொள்ள ஒருவரை இப்போதே நியமித்துவிடலாம். முடிந்தால் வரையத் தெரிந்த ஒருவரையும்.